பேர் சொல்லிக் கூப்பிட்டவள்

தையல்நாயகி கூப்பிடுவதற்கு முன்பே அவள் குரல் கேட்டது.

வாசலில் நின்று, கொல்லி வயலில் இருந்த புருஷனைச் சாப்பிடக் கூப்பிடுவதற்காக, கையை வாயருகே குவித்து மூச்சை இழுத்தாள். அவ்வளவுதான் செய்தாள். அதற்குள் கொல்லியின் அந்தக் கோடியிலிருந்து, இரண்டு பனைமரங்கள் நிற்கிற பக்கத்திலிருந்து, "இன்னாங்க... சோறு ஆறுதுங்க... வாங்க..." என்று அவளுடைய குரலே நீளமாக இழுத்துக் கூப்பிட்டது. எதிரே நிற்கிற பெருமுக்கல் மலை எதிரொலிக்கிற மலைதான். ஆனால் எந்த மலையும் முந்திக்கொண்டு எதிரொலிக்காது. அந்தக் குரல் வேறு, ரொம்ப காலம் தண்ணீர் இறைத்த கயிறு மாதிரி நைந்து போயிருந்தது.

அந்தப் பனைகளுக்கு நடுவே உள்ள இடத்துக்கு ஊரில் கிழிசல் என்று பேர். பொழுது அங்கே கிழிந்திருக்கிறதாம், அந்தப் பக்கம் வேறு காலமாம். எப்படிக் கிழிந்தது என்று கேட்டால், மாடு கத்துகிறது என்று எழுந்து போய்விடுவார்கள். ஏர் ஓட்டுகிறவர்கள் அதைச் சுற்றிக்கொண்டுதான் ஓட்டுவார்கள். பங்கு பிரித்தபோது அண்ணன்மார்கள் அந்தக் கொல்லியை அவள் புருஷன் முருகையன் தலையில் கட்டினார்கள். அவனும் இளிச்சவாயன் மாதிரி வாங்கிக்கொண்டு, ஊராட்சி ஆபீசில் டிவி வைத்த வருஷம், அங்கேயே ஒரு கூரை வீடும் போட்டான். "கிழிசல்னா இன்னா, எம் பொண்டாட்டி பேரே தையலு, தச்சிடுவா" என்று ஊரெல்லாம் சொல்லிச் சிரித்தான்.

போன வாரம் காது பிளந்த வெள்ளாட்டுக் குட்டி ஒன்று மத்தியானம் அந்தப் பக்கம் மேயப் போனது. பொழுது சாய்வதற்குள் திரும்பி வந்தது. அதே காதுதான். ஆனால் பல் விழுந்து, குளம்பு சுருண்டு, கண்ணில் பூ விழுந்த கிழட்டு ஆடாக வந்து வாசலில் படுத்து, விடிவதற்குள் செத்தது. வேறு யார் வீட்டு ஆடோ என்றான் முருகையன். அதைப் புதைக்கும்போது அவன் ஒரு வேடிக்கையும் பேசவில்லை.

இப்போது அவன் மூச்சு வாங்க வீட்டுக்கு வந்து நின்றான்.

"நீ அங்க இருந்து கூப்ட்டியேன்னு பனமரத்தாண்ட போய்க்கினு இருந்தேன். அதுக்குள்ள எப்பிடி வூட்டாண்ட வந்த?"

ஆட்டுக்கு வந்தது இவனுக்கும் வருமே என்று தையல்நாயகி அவனை உள்ளே இழுத்து உட்காரவைத்துச் சோறு போட்டாள்.

"அது நான் இல்லீங்க. இனிமே நான் கூப்ட்டா வராதீங்க."

"இன்னாமே பேஜாரு இது. பின்ன யாரு கூப்ட்டா சோறு துன்றது?"

யோசித்தாள். "பேர் சொல்லிக் கூப்புடறேன். பேர் சொன்னாத்தான் நான். சும்மா கூப்ட்டா அது."

முருகையன் வாயில் சோற்றோடு சிரித்தான். சிரிக்காமல் என்ன செய்வான்? புருஷன் பேரைச் சொன்னால் அவன் ஆயுசு குறையும் என்று நம்புகிறவள் அவள். ரேஷன் கடையில் கார்டு யார் பேரில் என்று கேட்டால், பக்கத்தில் நிற்கிற வீரம்மாளைக் காட்டுவாள். வீரம்மாள்தான் சொல்ல வேண்டும். மயிலம் முருகனைக்கூட மயிலத்து சாமி என்றுதான் கும்பிடுவாள்.

"எங்க, இப்பச் சொல்லு பாக்கலாம்."

முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். "ஆபத்துக்குப் பாவம் இல்லீங்க. அப்ப சொல்லுவேன்."

"செரி. பேர் வந்தா வரேன். வரலன்னா அங்கியே நின்னுடறேன்."

விளையாட்டாகத்தான் சொன்னான். ஆனால் சொன்ன சொல் தவறாத ஆள்.

மறுநாள், கொல்லியில் பிடுங்கிப் போட்ட மல்லாட்டைக் கடலைக்கு விலை விசாரிக்கத் திண்டிவனம் போனவன் விளக்கு வைக்கும் நேரமாகியும் திரும்பவில்லை. காலையிலிருந்து ஒரு இலை அசையவில்லை. கோழிகள் வெளிச்சம் இருக்கும்போதே கூட்டுக்குள் போய் ஒன்றன்மேல் ஒன்று ஒண்டிக்கொண்டன. மோட்டார் கொட்டகைப் பக்கம் தவளைகள் கத்தத் தொடங்கி, யாரோ கை வைத்து அமுக்கினது போல அத்தனையும் ஒரே நேரத்தில் நின்றன. அப்புறம் காற்றே இல்லாத அந்தக் கொல்லியைக் கடந்து, பனைகளின் பக்கமிருந்து, கேப்பைக் களி கிண்டுகிற வாசனையும் ஈர விறகுப் புகையும் மெதுவாக வந்து அவள் மூக்கில் ஏறின. அது அவள் அடுப்பின் வாசனைதான். அவள் இன்னும் அடுப்பையே பற்றவைக்கவில்லை.

தூரத்து வரப்பில் வெள்ளை வேட்டி தெரிந்தது.

"இன்னாங்க... வாங்க..."

பனைகளிடமிருந்து.

முருகையன் நின்றான். வீட்டைப் பார்த்தான். பனைகளைப் பார்த்தான். அந்த மங்கலில் இரண்டும் ஒன்றுபோலத்தான் தெரிந்திருக்கும்.

இப்போது சொல்ல வேண்டும். வாயைத் திறந்தாள். நாக்கு மேலே ஒட்டிக்கொண்டது. ஆயுசு குறையும். சொல்லாவிட்டால் ஆளே போய்விடுவான். சொல்லுடி. சொல்லு.

காற்றுதான் வந்தது.

"முருகையா!"

அவள் சொல்லவில்லை.

அங்கிருந்து வந்தது. தெளிவாக. கூச்சமே இல்லாமல், வருஷக்கணக்காகச் சொல்லிப் பழகிய வாயிலிருந்து.

புருஷன் பேரை இப்படி வாய் கூசாமல் யாரால் சொல்ல முடியும்? புருஷனுக்குக் குறைவதற்கு ஆயுசே மிச்சமில்லை என்று ஆகிவிட்டவளால் முடியும். தையல்நாயகிக்குப் புரிந்துவிட்டது. அது தன் குரலேதான். பேய் இல்லை. வரப்போகிற காலத்தில் தாலி இழந்து நிற்கிற அவளே.

"தோ வந்துட்டேன்!" என்றான் முருகையன். பெண்டாட்டி சொல்லிவிட்டாளே என்ற சிரிப்பு அந்தக் குரலில் இருந்தது.

"மு... முரு... முருகையா! போவாதீங்க!"

தடுமாறிய குரலைக் கேட்டு அவன் இன்னும் வேகமாக நடந்தான். போலிக்குத்தானே பேர் சரியாக வராது.

ஓடினாள். வரப்பு. முள். பிடுங்கிப் போட்ட கொடி காலில் சுற்றியது. விழுந்தாள். எழுந்தாள்.

பனைகளுக்கு நடுவே ஒரு கிழவி. வெள்ளைப் புடவை. தையல்நாயகியின் நெற்றி. தையல்நாயகியின் மூக்கு. முருகையனின் மணிக்கட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, கிடைத்துவிட்டான், கிடைத்துவிட்டான் என்று தேம்பித் தேம்பி அழுதாள். அவன் அந்த முகத்தைப் பார்த்தான். சிரிப்பு உதட்டில் அப்படியே இருந்தது. ஆட்டுக்கு வந்தது போலவே அவன் முகம் வற்றியது. கன்னம். பல். கண். கிழவி அலறினாள். கையை மட்டும் விடவில்லை.

அப்புறம் இரண்டு பனை. நடுவில் வெறும் தரை.

தையல்நாயகி அங்கே நின்று கூப்பிட்டாள். முதல் தடவை பேர் தொண்டையில் சிக்கியது. அடுத்த தடவை கொஞ்சம் சரியாக வந்தது. வருஷக்கணக்காக அவள் நிறுத்தவில்லை.