மச்சான் பிடித்த கயிறு

திரேஸ்புரத்தில் தங்கச்சி வீட்டு வாசலில் ஆன்டனி செருப்பைக் கழற்றியபோது நல்ல மத்தியானம். தெருவில் வெயில் சுள்ளென்று அடித்தது. புருஷன் இன்னாசியைக் கடலுக்குக் கொடுத்து ஒரு மாதமே ஆகியிருந்த செலஸ்டினா, சோறும் மீன்குழம்பும் பரிமாறிவிட்டு, அண்ணன் சாப்பிட்டு முடிக்கும்வரை காத்திருந்தாள். பிறகு இன்னாசியின் வீடியோ கேமை எடுத்து வந்து நீட்டினாள். கைக்குள் அடங்குகிற பெட்டி. அதில் கடலுக்கடியில் புதையல் தேடும் விளையாட்டு. கரையில் இருக்கும் நேரமெல்லாம் இன்னாசி அதிலேயேதான் கிடப்பான்.

“நீ ஒரு ஆட்டம் ஆடுண்ணே. அவுக கேட்டுக்கிட்டே இருக்காக.”

துக்கத்தில் ஏதோ உளறுகிறாள் என்று நினைத்தான். பாவமாகக்கூட இருந்தது. அவ்வளவு நல்ல அண்ணன்!

சங்கு குளிக்கக் கடலடிக்கு இறங்குகிறவனின் கயிற்றை மச்சான் பிடிப்பது அந்தக் கரையின் வழக்கம். தங்கச்சி தாலியறுக்க எந்த அண்ணன் சம்மதிப்பான் என்ற நம்பிக்கைதான். அதை நம்பித்தான் இன்னாசியும் இறங்கினான். படகில் வேறு ஆளில்லை. முதலில் மேலே வந்த வலைப்பையில் ஒரு வலம்புரிச் சங்கு இருந்தது. வாழ்நாள் முழுக்க முங்கினாலும் பலர் கண்ணில் படாத பொருள். அதைப் பார்த்ததும் ஆன்டனிக்குக் கூட்டாளி வேண்டாமென்று தோன்றிவிட்டது. படகின் டீசல் இன்ஜினிலிருந்து கீழே அவனுக்கு மூச்சுக்காற்று போகும் குழாயை மடக்கி முழங்காலுக்கடியில் வைத்துக்கொண்டான். மேலே தூக்கச் சொல்லிக் கீழிருந்து கயிறு சுண்டியது. அவன் இழுக்கவில்லை. சங்கை வாங்கிய வியாபாரி சுந்தர்சிங், விஷயம் தெரிந்தும் மூச்சுக் காட்டவில்லை.

ஆன்டனி பெட்டியை உயிர்ப்பித்தான். திரையில் ஒரு ஆள் நீலத்துக்குள் இறங்கினான். குமிழிகள் சளசளத்தன. எங்கிருந்தோ டீசல் நாற்றம் வந்தது, கூடவே அழுகிய கடற்பாசி வாடை. பெட்டியிலிருந்து தொங்கிய சார்ஜர் வயரை அவன் கை தன்போக்கில் மணிக்கட்டில் சுற்றிக்கொண்டது, படகில் கயிற்றைச் சுற்றுவது போலவே.

இறங்கியவன் அடிமண்ணில் நின்றான்.

ஆன்டனி பொத்தான் எதையும் அழுத்தவில்லை. திரையில் நின்றவன் தானாகவே அண்ணாந்து பார்த்தான்.

இன்னாசியின் முகம்.

“மச்சான்.”

வயர் சுண்டியது. அதன் மறுமுனை எதிலும் செருகப்படாமல் தரையில் கிடந்தது.

மறுபடி சுண்டியது.

ஆன்டனி வயரை உதறப் பார்த்தான். கத்த வாயைத் திறந்தான். உப்புத் தண்ணீர்தான் வந்தது. நெஞ்சுக்குள் அது ஏறிக்கொண்டே போனது. காய்ந்த தரையில் விழுந்து, அடுக்களை வாசலில் நின்ற தங்கச்சியை நோக்கித் தவழ்ந்தான்.

“ஏளா... கையப் புடிளா...”

செலஸ்டினா கைகளைக் கட்டிக்கொண்டாள். கண்ணில் ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை.

“அன்னைக்கு அவுக எத்தனை தடவ சுண்டுனாகண்ணே?”

அவனுக்குக் கணக்குத் தெரியும். சொல்ல மூச்சில்லை.

அவன் கண் இருட்டும்போது அவள் பெட்டியை எடுத்து, முந்தானையால் ஈரத்தைத் துடைத்து, காதில் வைத்து எதையோ கேட்டுத் தலையாட்டினாள். பிறகு செல்போனை எடுத்தாள்.

“சுந்தர்சிங் அண்ணாச்சியா? ஆமா, வலம்புரி விஷயமாத்தான். வீட்டுக்கு வாங்க. அவுகளும் இங்கனதான் இருக்காக.”