பயந்து பார்த்த விரிசல்

அம்மா தையல் இயந்திரத்தில் சட்டைக் கை ஒன்றைத் தைத்துக்கொண்டிருந்தார். வாண்டு தரையில் உட்கார்ந்து, தைத்து முடித்த சட்டைகளுக்குப் பொத்தான் வைத்துக்கொண்டிருந்தாள். அவளுக்குப் பத்து வயது. பெயர் என்று ஒன்று இருந்தது. ஆனால் வீட்டில் யாரும் அதைச் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை.

"அம்மா, சுவத்துல ஏதோ கோடு மாதிரி இருக்கு பாரும்மா."

அம்மா நிமிர்ந்து பார்த்தார். ஜன்னலுக்குப் பக்கத்தில் தலைமுடி அளவுக்கு ஒரு விரிசல்.

"அடக் கடவுளே, இது கூரை வரைக்கும் போயிடுமோ?" என்றார்.

சொல்லி வாய் மூடவில்லை. விரிசல் சரசரவென்று மேலே ஏறிக் கூரையைத் தொட்டது. சுண்ணாம்புத் தூள் அம்மாவின் தலையில் உதிர்ந்தது.

இரண்டு பேரும் அப்படியே உறைந்து போனார்கள். தையல் இயந்திரம் மட்டும் கடகடவென்று ஓடியது. அம்மாவின் கால் இன்னும் மிதித்துக்கொண்டே இருந்ததை அவரே கவனிக்கவில்லை.

கீழ் வீட்டில் குடியிருக்கும் மேஸ்திரியை அம்மா ஓடிப்போய் அழைத்துவந்தார். அவர் எத்தனையோ வீடுகள் கட்டியவர். இடுப்பில் கை வைத்து நிதானமாகப் பார்த்தார்.

"இதெல்லாம் ஒண்ணும் இல்லம்மா. என் கை நுழையற அளவுக்குப் பிளந்தாத்தான் ஆபத்து."

விரிசல் பட்டென்று பிளந்தது. சரியாக அவர் கை நுழையும் அளவுக்கு.

மேஸ்திரிக்கு முகம் வெளுத்துவிட்டது. "நான் சும்மா ஒரு பேச்சுக்குத்தானே சொன்னேன்," என்றார் சுவரைப் பார்த்து.

சத்தம் கேட்டு எதிர்வீட்டு அத்தை எட்டிப் பார்த்தார். "ஐயோ, என்ன இது, பல்லைக் காட்டுற மாதிரி இருக்கு."

உடனே பிளவின் இரண்டு பக்கமும் செங்கற்கள் வரிசையாகப் பல் போல நீண்டன. அத்தை கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். கூரை முனகியது.

"எல்லாரும் கீழ இறங்குங்க," என்றார் மேஸ்திரி.

"மேல் மாடியில டிரைவர் மாமா இருக்காரே," என்றாள் வாண்டு. "கால்ல கட்டுப் போட்டிருக்கு. அவரால எழுந்திரிக்கவே முடியாது."

படியில் அவரைத் தூக்கி இறக்குவதற்குள் என்ன ஆகுமோ.

அப்போது கட்டிலில் தூங்கிக்கொண்டிருந்த தம்பிப் பாப்பா இருமினான். எல்லோரும் அவன் பக்கம் திரும்பினார்கள். கூரை முனகுவது சட்டென்று நின்றது. மறுபடி சுவரைப் பார்த்தார்கள். மறுபடி முனகியது.

வாண்டுவுக்குப் புரிந்துவிட்டது. அவள் பாய்ந்துபோய், கூரையிலிருந்து தொங்கிய ஜன்னல் திரையை இழுத்து விரிசலை முழுக்க மூடினாள்.

வீடு அமைதியானது.

"திரைக்குப் பின்னாடி என்ன ஆச்சோ," என்று மேஸ்திரி திரையை விலக்கப் போனார்.

"வேணாம் மாமா. நீங்க பயந்துக்கிட்டே பார்ப்பீங்க. எப்படிப் பார்க்கறோமோ அது அப்படியே ஆயிடுது."

"பயப்படாம எப்படிம்மா பார்க்கறது?"

வாண்டு தன்னால் முடியுமா என்று யோசித்தாள். முடியாது. அவளுக்கும் பயம்தான். அம்மா, அத்தை, மேஸ்திரி என்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். எல்லாம் பேயறைந்த முகங்கள்.

தம்பி எழுந்து உட்கார்ந்து கண்ணைக் கசக்கினான். எல்லோரையும் பார்த்துச் சிரித்தான்.

"அம்மா, தம்பி பார்க்கட்டுமா? அவனுக்குத்தான் சுவர் இடியும்னே தெரியாது."

அம்மா தயங்கினார். "சிங்கம்னு நினைச்சுட்டான்னா?"

"அவன் சிங்கம் யாரையும் கடிக்காதும்மா. அவன்கிட்ட பிஸ்கட் வாங்கித்தான் சாப்பிடும்."

அம்மா சரி என்று தலையை ஆட்டினார்.

பெரியவர்கள் மூவரும் சுவருக்கு முதுகைக் காட்டிக் கண்களை மூடிக்கொண்டார்கள். வாண்டு தம்பியை இடுப்பில் தூக்கிக்கொண்டாள். தன் கண்களை இறுக மூடியபடி திரையை விலக்கினாள்.

"செல்லம், என்ன தெரியுது?"

தம்பி சந்தோஷமாகக் கத்தினான்.

"மலம்!"

மேஸ்திரி மூக்கைப் பொத்திக்கொண்டார். "முருகா," என்றார் அத்தை.

"அவனுக்கு 'ர' வராது," என்றாள் வாண்டு அவசரமாக. "மரம்னு சொல்றான்."

சலசலவென்று சத்தம் கேட்டது. மழையில் நனைந்த இலை வாசம் வந்தது. ஒருவர் பின் ஒருவராகக் கண்ணைத் திறந்தார்கள்.

விரிசலைக் காணவில்லை. அந்த இடத்தில் ஒரு மரம் சுவரோடு ஒட்டி நின்றது. வேர்கள் செங்கற்களை விரல் போல இறுக்கிப் பிடித்திருந்தன. கிளைகள் கூரைக்கு அடியில் பரவி அதைத் தாங்கிக்கொண்டிருந்தன. இப்போது யார் எப்படிப் பார்த்தாலும் அது மரமாகத்தான் தெரிந்தது. அதனால் மரமாகவே இருந்தது.

மேஸ்திரி சுவரைத் தட்டிப் பார்த்தார். இன்னொரு முறை தட்டினார். "நான் கட்டினதைவிடக் கெட்டியா இருக்கு," என்றார் மெதுவாக. அத்தை ஒரு இலையைத் தொட்டுவிட்டுக் கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டார். அம்மா வாண்டுவையும் தம்பியையும் சேர்த்து அணைத்துக்கொண்டார். வெகுநேரம் விடவே இல்லை.

மேல் மாடியிலிருந்து டிரைவர் மாமாவின் குரல் கேட்டது.

"என் கட்டிலுக்கு அடியில ஏதோ கரகரன்னு சத்தம் கேட்குது. யாராவது வந்து என்னன்னு பாருங்களேன்."

பெரியவர்கள் மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். யாரும் நகரவில்லை.

வாண்டு தம்பியை இடுப்பில் சரியாக உட்காரவைத்துக்கொண்டு படியேறினாள்.

"நீங்க குனிஞ்சு பார்த்துடாதீங்க மாமா. பார்க்கறதுக்கு ஆளைக் கூட்டிட்டு வரேன்."