எண்ணிக்கை சரி

“ஏழு” என்று ஒரு குரல் சொன்னது. வேனில் வந்தவர்களோ மொத்தம் ஆறு பேர்.

கோட்டையின் காவல் கோபுரத்துக்குள், முன்னால் போகிறவரின் முதுகுகூடத் தெரியாத சுழல் படிக்கட்டில், வழிகாட்டி அம்மாள் ஆட்களை எண்ணிக்கொண்டிருந்தாள். அவள் எண்ணுகிற விதமே தனி. காலையில் வேன் கிளம்பும்போதே ஆளுக்கொரு எண் கொடுத்துவிட்டாள். அவள் “எண்ணிக்கை” என்று குரல் கொடுத்தால் அவரவர் தங்கள் எண்ணைச் சொல்ல வேண்டும். முன்பெல்லாம் தலைகளைத்தான் எண்ணுவாளாம். ஒரு தடவை தப்பிப் போனதாம். அதிலிருந்து கண்ணை நம்புவதில்லையாம், காதைத்தான் நம்புகிறாளாம். என்ன தப்பியது என்று தலைமையாசிரியர் கேட்டதற்கு, தண்ணீர் பாட்டிலைத் திறந்து மடக்மடக்கென்று குடித்தாள்.

ஒன்றும் இரண்டும் புதிதாகக் கல்யாணம் ஆன ஜோடி. மூன்றும் நான்கும் ஓய்வு பெற்ற தலைமையாசிரியரும் அவர் மனைவியும். ஐந்து, மருந்துக்கடையில் வேலை பார்க்கும் பெரியவள். ஆறு, அவளுடைய தங்கை சின்னவள். வரிசையில் கடைசியாகப் படியேறியவளும் சின்னவள்தான். ஏழு என்ற குரல் அவளுக்கும் கீழே, யாரும் இல்லாத படியிலிருந்து வந்தது.

தலைமையாசிரியர் வேலையை விட்டாலும் வேலை அவரை விடவில்லை. கடைசியில் நிற்பது யார், என்ன விளையாட்டு இது என்று இருட்டிலேயே அதட்டினார். தான் சொல்லவில்லை என்றாள் சின்னவள். யாரும் நம்பவில்லை. காலையில் அந்தச் சகோதரிகளுக்காக வேன் இருபது நிமிடம் காத்து நின்றிருந்தது. அப்போதே எல்லோருக்கும் அவர்கள்மேல் ஒரு கடுப்பு. சுவர் குரலைத் திருப்பிச் சொல்லும், பழைய கட்டடம் அப்படித்தான் என்று வழிகாட்டி அம்மாள் பேச்சை முடித்தாள். பெரியவளுக்கு அது ஒப்பவில்லை. சுவர் திருப்பிச் சொன்னால் ஆறு என்றல்லவா வர வேண்டும்? ஆனால் அதைக் கேட்டு இன்னும் கெட்ட பெயர் வாங்குவானேன் என்று வாயை மூடிக்கொண்டாள்.

அவளுக்கு அன்று ஒரே ஒரு கவலைதான். நான்கு மாதமாகச் சின்னவள் அவளோடு பேசுவதில்லை. தங்கை விரும்பிய பையனைத் தனியாகக் கூப்பிட்டு, நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு வார்த்தை கேட்டு விரட்டிவிட்டவள் பெரியவள். நல்லதற்குத்தான் செய்தோம் என்று முதல் மாதம் நினைத்தாள். பிறகு அப்படி நினைக்க முடியவில்லை. சின்னவள் விடுதியில் அறை பார்த்துக்கொண்டு போய்விட்டாள். ஒரு நாள் வெளியே போய் வரலாம் என்று பெரியவள் கெஞ்சி, அம்மா போனில் அழுது, கடைசியில் சின்னவள் வந்தாள். வந்தாளே ஒழிய ஒரு வார்த்தை இல்லை. சாயங்காலம் அவளைக் கையோடு வீட்டுக்குக் கூட்டி வருவதாக அம்மாவிடம் பெரியவள் வாக்குக் கொடுத்திருந்தாள்.

இரண்டாவது இடம் கோட்டைக்குள் இருந்த நிலத்தடிக் குளம். நாற்பது படி இறங்கினால் பச்சை நாற்றம் அடிக்கும் தண்ணீர், அதற்கு மேலே தாழ்ந்த கல் கூரை, எங்கோ ஒரு மூலையில் நிதானமாகச் சொட்டிக்கொண்டிருக்கும் நீர். எண்ணிக்கை ஆறு வரை வந்தது. சொட்டுச் சத்தம் ஒன்று. இரண்டு. பிறகு, “ஏழு.”

இந்தத் தடவை அது கீழேயிருந்து வரவில்லை. சின்னவளின் தோளுக்குப் பின்னாலிருந்து வந்தது. அவள் சட்டென்று பிடரியைத் துடைத்துக்கொண்டதைப் பெரியவள் பார்த்தாள்.

மேலே வந்து வேனில் ஏறியதும் எல்லோரும் சேர்ந்து சின்னவளைப் பிடித்துக்கொண்டார்கள். வீட்டுச் சண்டையை வீட்டிலேயே வைத்துக்கொள்ள வேண்டியதுதானே என்றாள் புதுப்பெண். வளர்ந்த பெண் செய்கிற காரியமா இது என்றார் தலைமையாசிரியர். அவர் மனைவி தன் கைப்பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, சகோதரிகள் இருந்த பக்கத்திலிருந்து தள்ளி உட்கார்ந்தாள். பெரியவள் தங்கைக்காக ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். பேசவில்லை. இவள்தான் செய்கிறாளோ, தன்னை நாலு பேர் முன்னால் தலைகுனிய வைக்கத்தான் வந்தாளோ என்று அவளுக்கே ஒரு சந்தேகம். சின்னவள் அக்காவின் முகத்தை ஒரு கணம் பார்த்தாள். பார்த்துவிட்டு எழுந்து போய்க் கடைசி இருக்கையில் தனியாக உட்கார்ந்தாள்.

மூன்றாவது இடம் பழைய தானியக் களஞ்சியம். வெளியே புழுக்கம் தாங்கவில்லை. சின்னவள் தன் நீலச் சால்வையைக் கழற்றி இருக்கையில் போட்டுவிட்டு இறங்கினாள். அதைப் பார்த்தவள் பெரியவள் ஒருத்திதான்.

குனிந்து நுழைய வேண்டிய மரக்கதவு. உள்ளே ஜன்னல் கிடையாது. உயரத்தில், தானியம் கொட்டுவதற்காக விட்ட நாலைந்து துளைகள். வௌவால் எச்சமும் ஈரச் சுண்ணாம்பும் எப்போதோ மக்கிப்போன தானியமும் சேர்ந்த ஒரு வாசனை மூக்கில் ஏறி, தொண்டையில் இறங்கி, அங்கேயே தங்கியது. துளைகள் புனல் மாதிரி அமைந்தவை என்று வழிகாட்டி அம்மாள் ஒப்பித்தாள். வெளியே காவல்காரர்கள் பேசுவது உள்ளே நன்றாகக் கேட்கும். உள்ளே என்ன கத்தினாலும் வெளியே கேட்காது. முற்றுகைக் காலத்தில் இங்கே சிலரை வைத்துப் பூட்டினார்கள் என்றாள். பிறகு திறந்தார்களா என்று புதுமாப்பிள்ளை கேட்டான். நேரமாகிறது, சூரியன் மறைவதைப் பார்க்க மேட்டுக்குப் போக வேண்டும் என்றாள் அவள்.

“எண்ணிக்கை.”

“ஒண்ணு.” “ரெண்டு.” “மூணு.” “நாலு.” “அஞ்சு” என்றாள் பெரியவள்.

“ஆறு.”

எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். மேலே ஒரு வௌவால் சிறகை மாற்றிப் போர்த்திக்கொண்டது. ஏழு வரவில்லை.

“எண்ணிக்கை சரி. போலாம்” என்றாள் வழிகாட்டி அம்மாள். அவள் குரலிலேயே நிம்மதி தெரிந்தது. எல்லோரும் விறுவிறுவென்று வெளிச்சத்துக்கு வந்தார்கள். பெரியவள் திரும்பிப் பார்க்கவில்லை. தானாக வரட்டும், எத்தனை தடவைதான் நான் இறங்கிப் போவது என்ற வீம்பு. வேனில் ஏறி உட்கார்ந்து, கதவு சாத்தி, மறுபடி எண்ணிக்கை எடுத்தபோது, வழிகாட்டி அம்மாள் தன் தாளிலிருந்து தலை நிமிரவில்லை. கடைசி இருக்கையிலிருந்து “ஆறு” வந்தது. வேன் கிளம்பியது.

பாதி தூரம் போன பிறகுதான் பெரியவளுக்கு உறைத்தது. அந்த ஆறைச் சொன்னது எந்தக் குரல்? படிக்கட்டில் கேட்ட குரல். குளத்தில் கேட்ட குரல். அது ஏழு என்பதை விட்டுவிட்டு ஆறுக்கு வந்துவிட்டது.

மெதுவாகத் திரும்பினாள்.

கடைசி இருக்கையில் நீலச் சால்வையைத் தலையோடு போர்த்திக்கொண்டு, ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பி, ஓர் உருவம் உட்கார்ந்திருந்தது. வெயில் தாழ்ந்து மஞ்சளாக உள்ளே விழுந்தது. ஜன்னல் கண்ணாடியில் சால்வை தெரிந்தது. சால்வைக்குள் ஒன்றும் தெரியவில்லை.

பெரியவள் எழுந்து, இருக்கைகளைப் பிடித்துப் பிடித்துப் பின்னால் போனாள். நெருங்க நெருங்க அந்த வாசனை. ஈரச் சுண்ணாம்பு. மக்கிய தானியம்.

“என்னடி, உடம்பு சரியில்லையா?”

“ஆறு” என்றது அது.

முன்னாலிருந்து சிரிப்புச் சத்தம். நல்லா வேணும் என்று புதுப்பெண் கணவனிடம் சொன்னது காதில் விழுந்தது.

“இங்க திரும்பு. என்னைப் பாரு.”

“ஆறு.”

குனிந்து கீழே பார்த்தாள். சின்னவள் காலையில் வெள்ளைக் கான்வாஸ் ஷூ போட்டிருந்தாள். சால்வையின் விளிம்புக்குக் கீழே இருந்தவை வெறும் பாதங்கள். கணுக்கால் வரை சுண்ணாம்பு. நகங்கள் வளர்ந்து, வளைந்து, பாதத்துக்கு அடியில் போயிருந்தன.

தட்டுத்தடுமாறி முன்னால் ஓடி, வேனை நிறுத்தச் சொன்னாள். தங்கை களஞ்சியத்திலேயே இருக்கிறாள் என்றாள். அவள் பின்னால் உட்கார்ந்திருப்பது கண்ணுக்குத் தெரியவில்லையா என்று தலைமையாசிரியர் சீறினார். ஒருமுறை, ஒரே ஒருமுறை எழுந்து போய் அந்தச் சால்வையை விலக்கிப் பாருங்கள் என்று அவள் ஒவ்வொருவராகக் கெஞ்சினாள். ஒருவரும் எழவில்லை. கடைசியில் ஓடுகிற வண்டியின் கதவை இழுத்துத் திறந்துவிட்டாள். டிரைவர் பிரேக்கை அழுத்தினான்.

“பத்து நிமிஷம் தரேன்” என்றாள் வழிகாட்டி அம்மாள். முகம் கடுகடுவென்று இருந்தது. “போய் உங்க கண்ணாலயே பாத்துட்டு வந்துடுங்க. அதுக்கப்புறம் எண்ணிக்கை எடுப்பேன். சரியா இருந்தா கிளம்பிட்டே இருப்பேன், ஒருத்தருக்காகவும் நிக்க மாட்டேன்.”

வேன் திரும்பியது. களஞ்சியத்தின் முன்னால் வாட்ச்மேன் கதவைச் சாத்திவிட்டு, பூட்டும் சாவியுமாக நின்றிருந்தான். பெரியவள் அவனைத் தள்ளாத குறையாக விலக்கிவிட்டு, கதவைத் திறந்து குனிந்து உள்ளே போனாள். இருட்டு. முன்னைவிட இருட்டு. துளைகளில் செம்மண் நிறத்தில் கொஞ்சம் வெளிச்சம் இருந்தது, அது தரைவரை இறங்கவில்லை.

பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். சுவரைத் தடவிக்கொண்டே நடந்தாள். கையில் சுண்ணாம்பு உதிர்ந்தது. கடைசி மூலையில் கால் எதிலோ இடறியது. கான்வாஸ் ஷூ. அதற்குள் ஒரு கால். சூடான, உயிருள்ள கால்.

“அக்கா” என்றாள் சின்னவள்.

நான்கு மாதம் கழித்துக் கேட்ட அந்த ஒரு வார்த்தையில் பெரியவள் உடைந்து போனாள். தங்கையைக் கட்டிக்கொண்டு, என்னை மன்னிச்சிடுடி, வா வீட்டுக்குப் போகலாம் என்று அழுதாள். சின்னவளுக்குக் கத்திக் கத்தித் தொண்டை போயிருந்தது. எழுந்திருக்க மாட்டேன் என்றாள். எழுந்தால் சத்தம் கேட்கும் என்றாள். யாருக்கு என்று பெரியவள் கேட்கவில்லை. தூக்கி நிறுத்தினாள். கதவு இருந்த பக்கம் இழுத்தாள்.

அப்போது மேலே துளைகள் வழியாக, பக்கத்தில் நின்று பேசுவது போலத் தெளிவாக, வழிகாட்டி அம்மாளின் குரல் கேட்டது.

“எண்ணிக்கை.”

“ஒண்ணு.” “ரெண்டு.” “மூணு.” “நாலு.”

பெரியவள் ஓடினாள். வாயைத் திறந்தாள்.

“அஞ்சு” என்றது வெளியே ஒரு குரல். அவளுடைய குரல். மருந்துக்கடையில் தினமும் பேசிப் பேசிக் கொஞ்சம் கரகரத்துப் போன அதே குரல்.

“ஆறு.”

“எண்ணிக்கை சரி. போலாம். வாட்ச்மேன், எல்லாரும் வந்தாச்சு, பூட்டிக்கோங்க.”

கதவை எட்டும் முன் அது மூடியது. தாழ்ப்பாள். பூட்டு. இரண்டு கைகளாலும் அடித்தாள். மரம் உள்ளங்கையைக் கிழித்தது. கத்தினாள். தன் கத்தல் சுவரில் பட்டு அப்படியே அடங்கிப்போவதை அவளே கேட்டாள். வேன் கிளம்பும் சத்தம் நன்றாகக் கேட்டது. தூரமாகப் போனது. இல்லாமல் போனது.

துளைகளில் வெளிச்சம் சாம்பல் நிறமானது.

களஞ்சியத்தின் மறுகோடியில் ஏதோ அசைந்தது. துணி உரசும் சத்தம். ஒன்றல்ல, பல. வரிசையாக நிற்கிறவர்கள் கால் மாற்றி நிற்பது போல.

“ஒண்ணு” என்றது ஓர் ஆண் குரல்.

“ரெண்டு.” அது கிழவி.

“மூணு.” குழந்தை.

பெரியவள் தங்கையின் கையைத் தேடிப் பிடித்தாள். எண்கள் நிற்கவில்லை. அவசரமும் இல்லை. பத்து. இருபது. சில குரல்கள் தெளிவாக இருந்தன. சில வெறும் காற்று. முப்பது. முப்பத்தெட்டு. முப்பத்தொன்பது. நாற்பது. நாற்பத்தொன்று.

அமைதி.

“நாப்பத்திரெண்டு” என்றாள் அவள் பக்கத்திலிருந்த சின்னவள்.

பெரியவள் தங்கையின் வாயைப் பொத்தினாள். சின்னவள் அந்தக் கையை மெல்ல விலக்கினாள்.

“நீயும் சொல்லிடுக்கா. அடுத்தது உன்னோடது.”

“மாட்டேன்.”

“நானும் ரொம்ப நேரம் சொல்லல. சொல்லாட்டி எண்ணிக்கை தப்பிடும். மறுபடி ஒண்ணுலேருந்து ஆரம்பிப்பாங்க.” சின்னவள் அக்காவின் காதருகே வந்தாள். “ஒவ்வொரு தடவை ஆரம்பிக்கும்போதும் இன்னும் கிட்ட வருவாங்க.”

பெரியவள் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள். ஒரு நிமிடம். இரண்டு நிமிடம். துளைகளில் வெளிச்சம் முழுதாகப் போயிற்று. இருட்டில் நாற்பத்தோரு ஜோடிப் பாதங்கள் ஒரே நேரத்தில் முன்னால் நகர்ந்தன. தரையில் நகங்கள் கீறின.

“ஒண்ணு.”

இந்தத் தடவை மறுகோடியிலிருந்து வரவில்லை. அவள் முகத்தில் ஈரச் சுண்ணாம்பின் மூச்சு பட்டது.