நிக்கிறேன், குரலுக்கு வா

கொல்லிமலை பஸ்ஸில் ஏறும்போதே எனக்கு எரிச்சல். கொண்டை ஊசி வளைவுகள் முடிவதற்குள் முன் சீட்டுப் பெண் இரண்டு முறை ஜன்னல் வழியாக வாந்தி எடுத்துவிட்டாள். காற்று என் பக்கம் வேறு அடித்தது. காளப்பநாயக்கன்பட்டியில் நான் தையல் கடை வைத்திருக்கிறேன். பொங்கலுக்கென்று கொடுத்த ஜாக்கெட்டெல்லாம் வெட்டாமல் குவிந்து கிடக்க, தம்பி பெண்டாட்டி போனில் அழுதாள் என்று கடையைப் பூட்டிவிட்டுக் கிளம்பியிருந்தேன்.

"அண்ணி, ஒருக்கா வந்துட்டுப் போங்க. அவரு சரியில்லீங்க." அவ்வளவுதான் சொன்னாள்.

மலைமேல் குண்டூர் நாட்டில், நான் பிறந்த ஊர் நிறுத்தத்தில் இறங்கினபோது மதியம்தான். ஆனால் மார்கழிப் பனி அதற்குள் மரங்களின் இடுப்பு வரை இறங்கியிருந்தது. இளமதி தலையில் துண்டைப் போர்த்திக்கொண்டு நின்றாள். முன்பெல்லாம் இவள் சிரித்தால் அடுத்த ஊருக்குக் கேட்கும். இப்போது என் காதருகே வந்து, "வாங்கண்ணி" என்று மூச்சுவிடுகிற மாதிரி சொன்னாள்.

"எதுக்கு புள்ள குசுகுசுன்னு பேசற? இங்க யாரு தூங்கறா?"

"சத்தமாப் பேசுனா அவருக்கு அது கேக்காமப் போயிருமாம். திட்றாருங்க."

"எது கேக்காமப் போயிரும்?"

இளமதி என் பையை வாங்கிக்கொண்டு முன்னால் நடந்தாள்.

என் தம்பி அருள்ராஜுக்கு என்ன நடந்தது என்பது ஊருக்கே தெரியும். போன ஆனியில் அவனும் தமிழ்செல்வனும் பிக்கப் வண்டியில் பலாப்பழ லோடு ஏற்றிக்கொண்டு சேந்தமங்கலம் கிளம்பினார்கள். தமிழ்செல்வன்தான் ஓட்டினான். இரண்டு பேரும் ஒரே தட்டில் தின்று வளர்ந்தவர்கள். என்னை அவன் வாய் நிறைய 'சுகுணாக்கா' என்றுதான் கூப்பிடுவான். இருட்டும் நேரம், பனி, வளைவில் வண்டி சறுக்கிப் பள்ளத்தில் போய்விட்டது. அருள் தூக்கி வீசப்பட்டு ஒரு மரத்தடியில் கால் உடைந்து கிடந்தான். தமிழ்செல்வன் இன்னும் கீழே, வண்டிக்குள்.

விடிய விடிய அவன் கூப்பிட்டுக்கொண்டே இருந்தான் என்று அருள் சொன்னான். "அருளு... இருக்கியாடா?" இவனும் விடிய விடிய "வாரேன்டா, வாரேன்டா" என்று கத்தியிருக்கிறான். நகர முடியவில்லை. ஆட்கள் வந்தபோது கீழே சத்தம் நின்றிருந்தது.

எல்லோரும் வந்து பார்த்தார்கள். 'உசுரோட வந்துட்டான், மகராசன்' என்றார்கள். பூசாரி மந்திரித்துக் கயிறு கட்டினார். கால் கூடிற்று, தடி இல்லாமல் நடந்தான், அதோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று நாங்களும் இருந்துவிட்டோம். அந்தப் பள்ளத்தில் ராத்திரி முழுக்க என்னடா பட்டாய் என்று ஒருத்தரும் கேட்கவில்லை. நானும்தான் கேட்கவில்லை.

தோட்டத்து ஓரத்தில் அரசாங்கம் கட்டிக்கொடுத்த ஓட்டை ஒடிசல் காங்கிரீட் வீடு. பின்கதவைத் திறந்தால் மிளகுக் கொடி ஏறின சில்வர் ஓக் மரங்கள். அதற்கப்பால் சரிவு. அருள் பின்கதவைப் பார்த்து உட்கார்ந்திருந்தான். என்னைப் பார்த்ததும் எழுந்தான்.

கணகணவென்று மணி ஒலித்தது.

அவன் அரைஞாண் கயிற்றில் ஒரு ஆட்டு மணி கட்டியிருந்தது. நான் வாயைப் பிளந்துகொண்டு பார்க்க, இளமதி தலையைக் குனிந்துகொண்டு முணுமுணுத்தாள். "நாந்தானுங்க கட்டுனேன். பனி எறங்குனா எந்திரிச்சுப் போயிர்றாரு. எங்க போறாருன்னாவது தெரியோணும்ல."

ஆட்டுக்கு வேண்டிய மணி அங்கே சும்மாதான் கிடந்ததாம். ஏனென்றால் ஆடுகளை அருள் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்துவிட்டான். கொடுவாளைப் பங்காளி மகனுக்கு, போனை இன்னொருத்தனுக்கு. அவன் சட்டை, லுங்கி எல்லாம் துவைத்து மடித்து ஒரு மூலையில் அடுக்கியிருந்தது. ஊருக்குப் போகிறவன் வீட்டை ஒழுங்குபண்ணி வைக்கிற மாதிரி.

இளமதி களி போட்டு எடுத்து வந்தாள். அவன் ஒரு உருண்டையைப் பிட்டு, தொட்டு, அப்படியே வைத்துவிட்டான்.

"அக்கா, போவும்போது இவளையும் கூட்டிட்டுப் போயிருங்க" என்றான் சாதாரணமாக. "அங்க தையல் கத்துக்கட்டும்."

எனக்குச் சுற்றி வளைத்துப் பேச வராது.

"சாமி, என்னைப் பாரு. சாவோணும்னு நெனப்பு இருக்குதா உனக்கு?"

இளமதி கையிலிருந்த சொம்பு கீழே விழுந்தது. அருள் என்னை நிமிர்ந்து பார்த்தான். ரொம்ப நாள் கழித்து ஒருத்தர் தன்னோடு பேசின மாதிரி இருந்தது அவன் முகம்.

"சாவோணும்னு இல்லீங்கக்கா. தூங்க முடியல. கண்ண மூடுனா வண்டி உருளுது. அவன் கூப்புடறான். போயிட்டா நின்னுரும்ல? அவங்கிட்டப் போவோணும், அவ்வளவுதான்."

"அதுக்குப் பேரு வேற என்னடா?"

அவன் வாயைத் திறந்தான். அப்போதுதான் அந்த வாசம் வந்தது.

பலாப்பழ வாசம். நசுங்கி, புளித்து, அதோடு டீசல் கலந்த வாசம். மார்கழியில் எந்த மரத்தில் பலாப்பழம் இருக்கிறது? பின்கதவுக்கு வெளியே பனி சுவர் வைத்த மாதிரி வந்து நின்றிருந்தது. குருவிச் சத்தம் ஒன்றில்லை.

கீழே, ரொம்பக் கீழே.

"அருளு... இருக்கியாடா?"

பேயாவது பிசாசாவது என்று மேடை போட்டுப் பேசுகிறவள் நான். ஆனால் அது தமிழ்செல்வன் குரல். அந்த 'ளு'வை இழுக்கிற இழுப்பு வரைக்கும் அவனேதான்.

அருள் முகம் தெளிந்துவிட்டது. அழகாகக்கூட இருந்தது. அதுதான் எனக்கு இன்னும் மறக்கவில்லை.

"வாரேன்டா" என்றான். நான் கையைப் பிடிப்பதற்குள் கதவைத் தாண்டிவிட்டான்.

பனி அவனை விழுங்கிவிட்டது. மணி மட்டும் கேட்டது.

நானும் இளமதியும் ஓடினோம். கொடியிலும் வேரிலும் தடுக்கி விழுந்து, கடைசி சில்வர் ஓக் மரத்தடிக்கு வந்தபோது என் காலடியில் ஒரு கல் உருண்டு போயிற்று. அது கீழே விழுந்த சத்தம் வரவே இல்லை. அதற்குமேல் ஒரு அடி வைக்க எனக்குத் தைரியம் வரவில்லை.

எங்கள் மலையில் நடக்கத் தொடங்கும் பிள்ளைக்கு முதலில் சொல்லித்தருவது இதைத்தான். பனியில் யாராவது வழி தப்பிக் கூப்பிட்டால் பதில் கொடுத்தே ஆக வேண்டும். ஆனால் தேடி இறங்கக் கூடாது. நல்ல மண்ணில் இருப்பவன் நின்ற இடத்தில் நின்று, 'நிக்கிறேன், குரலுக்கு வா' என்று கத்திக்கொண்டே இருக்க வேண்டும். 'வாரேன்' என்று கிளம்பினால் இரண்டு பேரும் போய்ச் சேருவார்கள். அன்றைக்கு அருள் சொன்னது 'வாரேன்'. கால் உடைந்து கிடக்கிறவன், நண்பன் சாகிறான் என்று நினைத்துக்கொண்டு, வேறு என்ன சொல்வான்? அந்த ஒரு வார்த்தைதான் அவனைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தது.

மரத்தை ஒரு கையால் கட்டிக்கொண்டேன். இன்னொரு கையை இளமதி பிடித்துக்கொண்டாள்.

"அருளூ! நிக்கிறேன்டா! இங்க நிக்கிறேன், குரலுக்கு வா!"

மணி நின்றது.

"வா சாமி! குரலுக்கு வா!"

ஒரு தரம் மணி மேல்நோக்கி ஒலித்தது. எனக்கு உயிர் வந்தது.

அப்போது கீழேயிருந்து, தெளிவாக, என் குரல் கேட்டது.

"நிக்கிறேன்டா. இங்க நிக்கிறேன், குரலுக்கு வா."

என் குரலேதான். என் அதட்டல், என் மூச்சு வாங்கல் எல்லாம். இளமதி என் கையை நகம் பதிய இறுக்கினாள். நான் கத்தினதை எல்லாம் அது கத்தியது. நான் 'சாமி' என்றால் அதுவும் 'சாமி' என்றது. நடுவில் எங்கேயோ என் தம்பி, மேலே போவதா கீழே போவதா என்று தெரியாமல் நிற்கிறான். மணி ஒரு தரம் இங்கே ஒலிக்கும், ஒரு தரம் அங்கே.

எனக்கு அதட்டத் தெம்பில்லை. வாய் தன்னால் சொல்லிற்று.

"அருளு, எனக்குப் பயமா இருக்குடா. காலு நடுங்குது. திரும்பிப் போவத் தெரியல. வந்து என்னைய ஊட்டுக்குக் கூட்டிட்டுப் போடா..."

சொல்லி முடிப்பதற்குள் அழுதுவிட்டேன். பொய்யில்லை, நிஜமாகவே வழி தெரியவில்லை. பக்கத்தில் இளமதியும், அத்தனை மாதமாக அடக்கி வைத்திருந்த குரலை எல்லாம் சேர்த்து, "ஏனுங்க! வந்துருங்க!" என்று அலறினாள்.

கீழே எதுவும் பதில் சொல்லவில்லை. அதற்கு இதைத் திருப்பிச் சொல்ல வரவில்லை போல.

மணி ஒலித்தது. நின்றது. ஒலித்தது. பிறகு விடாமல் மேலே ஏறி வந்தது. பனிக்குள்ளிருந்து ஈரமான ஒரு கை என் முழங்கையைப் பிடித்தது. அது அருள் கைதானா என்று தடவிப் பார்த்த பிறகுதான் நான் மரத்தை விட்டேன்.

"அழுவாதீங்கக்கா. இந்தப் பக்கம்" என்றான்.

வீட்டுக்கு வந்து கதவைத் தாழிட்டு, மூன்று பேரும் அடுப்படியில் ஒட்டி உட்கார்ந்தோம். அவன் கேட்டான்.

"அக்கா, உங்களுக்கு நெசமாலுமே கேட்டுச்சா?"

"கேட்டுச்சுடா."

அவன் அழ ஆரம்பித்தான். விபத்துக்குப் பிறகு அவன் அழுது அன்றைக்குத்தான் பார்த்தேன். தனக்குப் புத்தி கெட்டுவிட்டது, இதை யாரிடம் சொல்வது என்று அவ்வளவு நாளும் தனியாகச் சுமந்திருக்கிறான்.

அவனிடம் நாங்கள் மறைத்த ஒன்று இருந்தது. மனசு கஷ்டப்படுவான் என்று யாரும் சொல்லவில்லை. இனியும் மறைத்தால் இவன் மிஞ்ச மாட்டான் என்று தோன்றிச் சொல்லிவிட்டேன்.

"தமிழ்செல்வன் விழுந்த ஒடனே போயிட்டான் சாமி. பொணத்த அறுத்துப் பாத்த டாக்டரு சொன்னாரு. ஒரு வார்த்த பேசியிருக்க முடியாதாம். நீ போயிருந்தாலும் ஒண்ணும் ஆயிருக்காது. உம்மேல ஒரு குத்தமும் இல்ல."

அருள் கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னையே பார்த்தான்.

"அப்ப விடிய விடிய என்னையக் கூப்ட்டது யாருங்கக்கா?"

நான் எழுந்து அடுப்பில் இன்னொரு விறகைத் தள்ளினேன்.

விடிந்ததும் முதல் பஸ்ஸில் இரண்டு பேரையும் கூட்டிக்கொண்டு இறங்கிவிட்டேன். நாமக்கல்லில் மனநல டாக்டர் ஒரு பெண். அருள் பேசப் பேச, குறுக்கே பேசாமல் கேட்டார். அப்படிப்பட்ட சாவை ஒட்டி இருந்து பார்த்தவர்களுக்கு அந்த நேரம் முடிவதே இல்லை, உடம்புக்குள் திரும்பத் திரும்ப நடக்கும், அது நின்றால் போதும் என்றுதான் செத்துவிடத் தோன்றும், அதை நிறுத்த வழி இருக்கிறது என்றார். தனியாக விடாதீர்கள், மனசில் அந்த நினைப்பு இருக்கிறதா என்று கேட்கப் பயப்படாதீர்கள் என்றார். கீழேயிருந்து என் குரல் கேட்டதை நான் அவரிடம் சொல்லவில்லை.

மாத்திரையில் அருள் தூங்கினான். வாராவாரம் போய்ப் பேசினான். தை முடிவதற்குள் என் கடையில் துணி வெட்ட உட்கார்ந்துவிட்டான், கோணல்மாணலாக வெட்டினாலும். இளமதி சிரிக்கத் தொடங்கியிருந்தாள். மணியைக் கழற்றி மெஷினுக்கு மேலே ஆணியில் மாட்டினோம். எனக்கும் நிம்மதியாகத்தான் இருந்தது.

மாசியில் ஒரு மத்தியானம். கரண்ட் இல்லை, மெஷினை மிதித்துக்கொண்டிருந்தேன். தார் ரோடு காய்ந்து கொதித்தது.

"சுகுணாக்கா... இருக்கீங்களா?"

ஜாக்கெட் வாங்க வந்தவர்கள் என்று நினைத்தேன். கடைக்காரி வாய், சும்மா இருக்குமா.

"இருக்கேன், வாரேன்!" என்றேன்.

சொன்ன பிறகுதான் பலாப்பழ வாசம் வந்தது.

அடுத்து எனக்குத் தெரிந்தது, அருள் என் தோளைப் பிடித்து உலுக்கினது. நான் கடையில் இல்லை. மலைக்குப் போகிற ரோட்டில், கடைசி வீட்டையும் தாண்டி நின்றுகொண்டிருந்தேன். உச்சி வெயில். என் கால் இரண்டும் முழங்கால் வரை பனியில் நனைந்திருந்தது.

அருள் கையைப் பிடித்துக் கூட்டி வந்து உட்கார வைத்தான். ஆணியிலிருந்து மணியை எடுத்தான். என் முந்தானையில் இறுக்கி முடிந்தான். மறுநாள் அந்த டாக்டரிடம் என்னையும் கூட்டிக்கொண்டு போனான். இந்த முறை ஒன்றுவிடாமல் எல்லாவற்றையும் சொன்னேன்.

மணி இன்னும் என் முந்தானையில்தான் இருக்கிறது. சில மத்தியானம், மெஷினை நிறுத்திவிட்டுக் கை கால் அசையாமல் உட்கார்ந்திருப்பேன். அப்போது அது தானாக ஒலிக்கும்.

அருள் கத்தரிக்கோலைக் கீழே வைத்துவிட்டு, தலை நிமிராமல் சொல்வான்.

"நிக்கிறேங்கக்கா. இங்கதான் நிக்கிறேன்."