பச்சைத் தோல்

லைல் பொரித்த ரொட்டியின் கடைசித் துண்டால் டப்பாவில் ஒட்டியிருந்த பழக்கூழை வழித்துத் தின்றுவிட்டு, விரல்களைக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டான். அக்காவுக்கென்று ஒரு வாய்கூட மிச்சம் வைக்கவில்லை.

"நீதான உடம்பக் குறைக்கணும்னு சொன்ன," என்றான்.

டெல்ஃபின் அவன் பின்மண்டையில் ஒன்று போட்டாள். அப்போதுதான் வண்டியின் கண்ணாடி வழியே மந்தையைக் கவனித்தாள். எண்பத்தேழு காட்டெருமைகளும் காற்றுக்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டிருந்தன.

மாடுதான் அப்படி நிற்கும். பனிப்புயல் அடித்தால் வாலைக் காட்டிக்கொண்டே நடந்து, வேலி மூலையில் ஒன்றையொன்று நெருக்கிச் சாகும். காட்டெருமை புயலுக்கு முகம் கொடுக்கும். அதற்குத்தான் அந்தத் தலையும், திமிலும், நெற்றியில் அத்தனை முடியும். மொண்டானாவின் இந்தச் சமவெளியில் பிறந்து நாற்பது வருடத்தில் அவள் வேறு மாதிரி பார்த்ததில்லை.

"டேய், அதுங்க ஏன்டா இந்தப் பக்கமே பாக்குது?"

"உன் அழகத்தான். இறங்கு. விட்காம் தொரைக்குத் தல வேணுமாம்."

விட்காம், வேலிக்குக் கம்பி வாங்கிக் கொடுத்த புண்ணியவான். அந்தக் கம்பியின் புண்ணியத்தில் வருடம் ஒரு முறை விமானம் பிடித்து வந்து, மந்தை முன்னால் கண்ணைத் துடைத்தபடி படம் எடுத்துக்கொள்வார். இவருடைய பாட்டன்கள் ரயில் ஜன்னலிலிருந்து காட்டெருமைகளைப் பொழுதுபோக்காகச் சுட்டவர்கள். கோடிக்கணக்கில் திரிந்ததை ஆயிரத்துக்கும் கீழே கொண்டுவந்தார்கள். மிஞ்சிய எலும்பை வண்டி வண்டியாக அள்ளி உரமாக்கினார்கள், எலும்புக்கரியால் சர்க்கரையை வெள்ளையாக்கினார்கள். பேரன்மார் இப்போது அதே விலங்கின் படம் போட்ட தொப்பியோடு வந்து, நாங்கள்தான் காப்பாற்றினோம் என்கிறார்கள். காப்பாற்றிய கூலியாகச் சாப்பாட்டு அறைச் சுவருக்கு ஒரு தலை. டெல்ஃபினின் பூர்வகுடி இனக்குழுவின் சபை அதற்கும் தலையாட்டியது. தலையாட்டுவதில் அந்தச் சபையை மிஞ்ச ஆளில்லை.

லைல் ஒரே குண்டில் கிழட்டுக் காட்டெருமைப் பசு ஒன்றை வீழ்த்தினான். அதுவரை சரி. பசு விழுந்ததும் மற்றவை ஓடவில்லை, ஓரடிகூட நகரவில்லை.

அவர்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. மந்தை வந்து முகர்ந்துவிட்டுப் போகும்வரை, விழுந்ததன் தலையை அந்த இடத்தைவிட்டு எடுக்கக்கூடாது. சில சமயம் அரை மணியில் வரும், சில சமயம் அரை நாளாகும். வடமேற்கில் வானம் சாம்பல் சுவராக எழும்பி வந்துகொண்டிருந்தது.

"அதுங்க துக்கம் விசாரிச்சு முடிக்கற வரைக்கும் நாம விறைக்கணுமாக்கும்?" லைல் தோலை உரித்து முடித்தான், தலையை அறுத்தான், இரண்டையும் வண்டியின் பின்தட்டில் ஏற்றினான். தலையின் காதில் விட்காமின் பெயர்ச்சீட்டைக் கட்டும்போது, "வாங்க, தொர வீட்டுக்கு விருந்துக்குப் போலாம்," என்று அதன் மூக்கைத் தட்டினான்.

டெல்ஃபின் தடுத்திருக்கலாம். அவளுக்கும் குளிர்ந்தது. வீட்டுக்குப் போய்விட நினைத்தாள், அவ்வளவுதான். பின்னால் வந்த வருடங்களில் அவள் விட்காமை வெறுத்ததைவிட அதிகமாக வெறுத்தது அந்த நினைப்பைத்தான்.

இரண்டு மணிக்குப் புயல் வந்து சேர்ந்தது. பள்ளத்தில் இறங்கிய வண்டி ஏறவில்லை. எண்ணெய் உறைந்து எஞ்சின் இருமி அடங்கியது. வானொலியில் இரைச்சல் மட்டும் வந்தது. லைல் பக்கத்துக் கண்ணாடி இலையுதிர் காலத்திலேயே உடைந்தது, நாளைக்கு நாளைக்கு என்று பிளாஸ்டிக் ஒட்டி வைத்திருந்தான். காற்று அதைப் பிய்த்துக்கொண்டு போனது. இருந்தது ஒரே கம்பளி. அதை அக்காவின் மேல் போட்டுவிட்டு அவன் கீழே இறங்கினான்.

"எங்கடா போற?"

"என்கிட்ட ஒசத்தியான போர்வை இருக்கு."

வண்டியின் மறைவில் பச்சைத் தோலை விரித்து, முடி உட்புறமாக வைத்துச் சுருட்டிக்கொண்டு படுத்தான். தோலில் இன்னும் ஆவி பறந்தது. ரத்தமும் புல்லும் கலந்த அதன் வாடை கதவிடுக்கு வழியாக உள்ளே ஏறியது.

"அப்பா சொன்ன கதை ஞாபகம் இருக்கா?" என்று அவள் கத்தினாள். தோலுக்காகச் சுட வந்தவர்களில் ஒருவன் புயலில் இப்படித்தான் படுத்து, தோல் உறைந்து இறுகி, கோடாலியால் வெட்டித்தான் அவனை வெளியே எடுத்தார்களாம். அப்பா அதைச் சொல்லும்போதெல்லாம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்.

"அவன் வெள்ளக்கார முட்டாள். நான் அரை மணில எந்திரிச்சிருவேன். அடுப்பு முன்னாடி படுத்த மாதிரி இருக்குக்கா."

அவள் கூப்பிட்டால் உள்ளேயிருந்து வண்டியின் படிப்பலகையை இரண்டு முறை உதைப்பதாக ஏற்பாடு. கூப்பிட்டாள். டக், டக். பனி கண்ணாடியை மூடியது. கூப்பிட்டாள். டக், டக். காற்றின் ஊளைக்கு அடியில் வேறொரு சத்தம் தாழ்வாக, தொண்டைக்குள்ளேயே உருளும் உறுமலாக, ஒரு பக்கமிருந்து வராமல் சுற்றிலும் இருந்து வருவதைக் கேட்டாள். நனைந்த முடியின் வாடை அடர்ந்தது. கூப்பிட்டாள்.

டக்.

இறங்கினாள். தோல் பாறையாகியிருந்தது. சக்கரம் கழற்றும் கம்பியால் அடித்தாள், கம்பிதான் எகிறியது.

"கத்தி எங்கடா?"

"என் இடுப்புல," என்று உள்ளேயிருந்து மெல்லிய குரல் வந்தது. சிரிக்க முயன்றான். "மடையன்னு சொல்லு, பரவால்ல."

"மடையா. கைய அசை. அசைக்க முடியுதா?"

"முடியல. ஆனா குளிரல." அவள் முகத்தில் அப்பிய பனியைத் துடைத்தாள். "அக்கா, நீ தோலத் தடவுறியா?"

"இல்லடா."

"யாரோ நக்கறாங்க."

அவள் சுற்றிலும் பார்த்தாள். வெறும் வெள்ளை.

"வெளியிலயா?"

"உள்ள."

அவள் நகத்தால் பிறாண்டினாள். மடிப்பில் வாயை வைத்து ஊதினாள். உதடு ஒட்டிக்கொண்டு தோலுரிந்தது. கம்பியை இடுக்கில் விட்டு நெம்பினாள். அசையவில்லை.

"அக்கா, இது மூச்சு விடுது."

"அது உன் மூச்சுடா, லைல். உன் மூச்சுதான்."

"நான் விடல."

அதற்குப் பிறகு அவன் பேசவில்லை.

வெள்ளைக்குள் கறுப்பாக ஒன்று தெரிந்தது. அப்புறம் பத்து. அப்புறம் எண்ண முடியவில்லை. பனி அப்பிய முகங்கள். அவளை இடிக்கவில்லை, முறைக்கவில்லை. ஒரு பொருட்டாகவே மதிக்கவில்லை. அவள் கதவு வரைக்கும் பின்வாங்கினாள், வண்டிக்குள் விழுந்தாள்.

ஒவ்வொன்றாக வந்தன. குனிந்தன. தோலை முகர்ந்தன.

பின்தட்டில் அந்தத் தலை. அதன்மேல் அரையடிப் பனி. மூக்குத் துளைகளின் மேல் மட்டும் பனி உருகியிருந்தது.

டக்.

உதைக்கிற சத்தம் இல்லை. குளம்பு ஊன்றுகிற சத்தம்.

தோலின் ஒரு முனை எழும்பியது. அப்புறம் திமில். அப்புறம் நான்கு கால். முடி உட்புறம். வெளியே வெளுத்த சதை, நீல நரம்பு. கழுத்து இருந்தது. கழுத்துக்கு மேலே எதுவும் இல்லை. கழுத்தின் வாயிலிருந்து ஆவி வந்தது.

மந்தை திரும்பியது. காற்றுக்கு முகம் கொடுத்து, புயலுக்குள் நடந்து போனது. நடுவில் அதுவும் போனது.

ஷெரிஃபின் ஆட்கள் மறுநாள் அவளைக் கண்டெடுத்தார்கள். லைல் வழிதவறி நடந்து போயிருப்பான், தோலோடு அவனை ஓநாய்கள் இழுத்துப் போயிருக்கும் என்றார்கள். எழுபது கிலோ ஆளையும் அவன் சுற்றிக்கொண்ட தோலையும், ஓநாய்கள் ஒரு சுவடுகூட வைக்காமல். ஆமாம் ஆமாம் என்று தலையாட்டினாள். விட்காம் கடிதம் போட்டிருந்தார். இரங்கல் மூன்று வரி, தலை எப்போது வந்து சேரும் என்பது ஏழு வரி. அனுப்பச் சொல்லிவிட்டாள். அந்தத் தலையோடு ஒரே மேசையில் உட்கார்ந்து அவர் சாப்பிடட்டும்.

ஒன்பதாம் நாள், மந்தையின் நலம் பார்க்கும் உயிரியலாளர் கர்ட்டிஸ் சின்ன விமானத்தில் சுற்றிவிட்டு வந்தார். டெல்ஃபின் வேலியோரம் நின்றிருந்தாள். மந்தை காற்றுக்கு முகம் கொடுத்து, தலையை இடமும் வலமும் வீசிப் பனியைத் தள்ளி மேய்ந்துகொண்டிருந்தது. ஒன்று மட்டும் காற்றுக்கு முதுகைக் காட்டி நின்றது. நெஞ்சு வரைக்கும் பனிக்குள் இருந்தது. மற்றவை நிமிர்ந்து மென்றன. அது நிமிரவே இல்லை. முதுகில் முடி இல்லை. கர்ட்டிஸ் அதைச் சொறிநோய் என்றார்.

அலுவலகப் பலகையில் லைல் கோணல்மாணலாக எழுதிய மந்தைக் கணக்கு அப்படியே இருந்தது. ஒன்றைச் சுட்டாயிற்றே என்று கர்ட்டிஸ் துணியை எடுத்தார். தன் தாளைப் பார்த்தார். படங்களை விரித்துப் புள்ளி வைத்து மறுபடி எண்ணினார்.

"முன்னாடி நான்தான் தப்பா எண்ணிருக்கேன் போல, டெல்ஃபின்," என்றார், துணியைக் கீழே வைத்தபடி.

எண்பத்தேழு.