வாயால் சொன்னது

இந்தப் பெண் உள்ளங்கை நிறைய மருதாணி வைத்திருக்கிறாள், புதிதாகக் கல்யாணம் ஆனவளாக இருக்கும் என்று அமலோற்பவம் நினைத்தாள். நினைத்தது அவளுடைய குரலிலேயே ஒலிபெருக்கியில் கேட்டது. நெற்றிப் பட்டையை மாட்டிவிட்ட பெண் வெட்கப்பட்டுச் சிரிக்க, அரங்கம் கைதட்டியது. அகவொலிப்பான் சரியாகத்தான் வேலை செய்தது. தொகுப்பாளர் பிரபாவதி கருவியை நிறுத்த, அதன் விளக்கு அணைந்தது. இனி கேள்வி கேட்கும்போது மட்டும் எரியும்.

எதிர் நாற்காலியில் தம்பி சேவியர். கப்பலில் வேலை. அம்மா சாகக் கிடந்ததை அக்கா வேண்டுமென்றே மறைத்துவிட்டாள் என்று அவளோடு பேச்சை நிறுத்தியவன், இந்தத் தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கு வரச்சொல்லித்தான் மறுபடி ஆள் அனுப்பினான். அவளுக்கென்று மிஞ்சியிருக்கும் ஒரே உறவு அவன்.

விளக்கு எரிந்தது. ஏன் சொல்லவில்லை என்று பிரபாவதி கேட்டாள்.

"அம்மாதான் வேண்டாம்னா. நடுக்கடல்ல பிள்ள தவிச்சுப் போவான், கரைக்கு வந்தப்புறம் சொல்லிக்கலாம்னா."

ஒலிபெருக்கியில் சத்தமே இல்லை. வாய் சொன்னதற்கு மேல் மனதில் எதுவும் மிஞ்சாதபோது கருவிக்குச் சொல்ல ஒன்றுமில்லை. ஆரம்பத்தில் அந்த மௌனத்தைத்தான் உண்மைக்கு அடையாளமாக எடுத்துக்கொண்டார்கள். ஆனால் மௌனத்தைப் பார்த்துக்கொண்டு யார் உட்கார்ந்திருப்பார்கள்? சேனலை மாற்றினார்கள். அதனால் வாயை மூடிக்கொண்டு நினைப்பதே நிகழ்ச்சியின் வழக்கமாயிற்று. பிறகு ஊர் வழக்கமாகவும் ஆயிற்று. பெண் பார்க்கப் போகிற இடத்தில்கூட இப்போது வாய்ப்பேச்சை யாரும் பொருட்படுத்துவதில்லை.

"மறைக்கிறவங்கதான் பேசுவாங்க," என்றான் சேவியர். கூட்டம் ஆமோதித்தது. பிரபாவதி விளக்கை அணைத்துவிட்டு, பேசாமல் அந்த நாளை நினைத்துக்கொண்டால் போதும், மிச்சத்தைக் கருவி பார்த்துக்கொள்ளும் என்று பரிவாக எடுத்துச் சொன்னாள்.

சேவியர் முன்னால் சாய்ந்தான். குரல் தணிந்திருந்தது.

"ஒரே ஒரு தடவ நெனச்சிரு அக்கா. இன்னைக்கே ஒங்கூட வீட்டுக்கு வாரேன்."

வருவான். அது அவளுக்குத் தெரியும். அந்த நாளை நினைத்தால் அம்மா சொன்ன சொல் மட்டும் தனியாக வராது என்பதும் தெரியும். நனைந்த படுக்கை வரும். முதுகுப் புண்ணின் வாடை வரும். துணி மாற்றும்போதெல்லாம், யாரும் பார்த்துவிடப் போகிறார்கள் என்று அம்மா முகத்தை மூடிக்கொண்டது வரும்.

பிரபாவதியின் விரல் பொத்தானுக்குப் போவதற்குள் அமலோற்பவம் பட்டையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள்.

"அதான் சொல்லிட்டேனே தம்பி," என்றாள்.