நெஞ்சறிந்து சொன்ன பொய்

மேற்கே கதிரவன் மறைந்துவிட்டான்; கிழக்கே நிலவு இன்னும் எழவில்லை. அந்த இடைப்பொழுதில் காவிரி அன்னை கரையோரம் கருநீலமும் நடுவே உருக்கிய செம்பொன்னுமாக, நாவல்துறைக் கோட்டையின் மதிலை உரசிக்கொண்டு ஓடினாள். மருத மரங்களில் நாரைகள் இடத்துக்குச் சண்டையிட்டன. எதிரே, நாணல் மண்டிய ஆற்றிடைத் திட்டில் மட்டும் ஒரு பறவையும் இறங்கவில்லை.

இந்த எழிலை நாள்தோறும் நிலாமுற்றத்தில் நின்று கண்குளிரக் காண்பவள் கோட்டைத் தலைவி ஏழிசைவல்லி. ஆனால், வாசக அன்பர்களே, இன்று அவள் ஆற்றின் பக்கம் திரும்பவே இல்லை. அவள் கண்கள் எதிரே நின்ற ஒருத்தியின் முகத்தில் பதிந்திருந்தன. மலைத்தேன் விற்பவளாக வேடமிட்டுக் கோட்டைக்குள் நுழைந்திருந்த அந்தப் பெண்ணின் பெயர் மலையாட்டி. ஏழிசையின் செவிலித்தாய் பெற்ற மகள். ஒருத்தியிடமே பால் குடித்து, ஒரே பாயில் உறங்கி வளர்ந்தவர்கள் இருவரும்.

கொல்லிமலைக்கும் ஆற்று நாட்டுக்கும் இருந்த நெடும்பகையை முடிப்பதற்காகவே மூன்று ஆண்டுகளுக்கு முன் மலையரசரின் மகள் ஏழிசை, நாவல்துறைத் தலைவர் கூத்தன் வளவதரையருக்கு மாலையிட்டாள். சென்ற மழைக்காலத்தில் அவள் தந்தை இறந்தார். அரியணை ஏறிய சிற்றப்பன் உறவை முறித்துப் படை திரட்டுகிறான் என்பது இரு கரைகளிலும் எல்லோரும் அறிந்த செய்தி.

"உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு வந்திருக்கிறேன், ஏழிசை" என்றாள் மலையாட்டி. "உன் கணவரின் தோழன் மழவராயன் விலைபோய்விட்டான். நிலவு எழுந்ததும் துறைவாயிலைத் திறந்துவிடப் போகிறான். அதற்குள் அவனைக் கட்டிப் போடச் சொல்."

அந்தப் பெயர் ஏழிசையின் நெஞ்சில் ஆறாதிருந்த புண்ணில் போய்ப் பட்டது. வளவதரையரோடு ஒன்றாக வாள் பழகிய காலந்தொட்டு அவருக்கு நிழலாக இருந்தவன் மழவராயன். வளவதரையர் மனைவியிடம் குறையேதும் வைக்கவில்லை. பட்டும் முத்தும் தந்தார், பரிவோடு நடத்தினார். ஆனால் மனத்தில் இருப்பதை மட்டும் தோழனிடந்தான் சொன்னார். இருவரும் பேசிக்கொண்டிருக்கும் இடத்துக்கு அவள் வந்தால் பேச்சு நின்றுவிடும். அந்த மௌனத்தைப்போல் அவளைச் சுட்டது வேறெதுவும் இல்லை.

"இங்கேயே இரு" என்று சொல்லிவிட்டு ஏழிசை படிகளில் விரைந்து இறங்கினாள். காற்சிலம்பு கலகலத்தது, நெஞ்சு அதைவிட வேகமாக அடித்துக்கொண்டது. 'இனி அவருக்கு நான் ஒருத்திதான்' என்ற எண்ணம் மின்னல்போல் பாய்ந்தது. திடுக்கிட்டுப் பாதிப் படியில் நின்றாள். கோட்டைக்கு ஆபத்து என்று கேட்டுவிட்டு ஓடுகிறவளுக்கு அச்சமல்லவா இருக்க வேண்டும்? இது மகிழ்ச்சியாக அல்லவா இருக்கிறது?

அவள் கேட்க ஏங்கிய சொல்லையே மலையாட்டி கொண்டு வந்திருக்கிறாள். இத்தனை காலம் கண்ணில் படாதவளுக்கு இந்த ஏக்கம் எப்படித் தெரிந்தது? தெரியாமல் என்ன? சிறு வயதில் தந்தை வேறொரு குழந்தையைத் தூக்கினாலே ஏழிசை உண்ண மறுத்துவிடுவாள். அன்றெல்லாம் அவளைச் சமாதானப்படுத்தி ஊட்டிவிட்டவள் மலையாட்டிதான்.

படைக்கலக் கொட்டிலில் வளவதரையரும் மழவராயனும் ஒரு பெருவில்லுக்கு நாண் பூட்டியபடி தாழ்ந்த குரலில் உரையாடிக்கொண்டிருந்தார்கள். அவளைக் கண்டதும் வழக்கம்போலப் பேச்சு நின்றது.

"தேவி, முகம் ஏன் வெளுத்திருக்கிறது? தனியே ஏதும் சொல்ல வேண்டுமா?" என்றார் வளவதரையர்.

"வேண்டாம், சுவாமி. மழவராயரும் கேட்க வேண்டும்."

நடந்ததைச் சொன்னாள், ஒரு சொல்லையும் ஒளிக்கவில்லை. சொல்லி முடித்தபோது வளவதரையரின் கை உடைவாளின் பிடியில் இருந்தது. யாரை நினைத்து அங்கே போனது என்பது அவருக்கே தெரிந்திராது.

"நீ இதை நம்புகிறாயா?"

"நம்ப ஆசைப்படுகிறேன். அதனால்தான் அஞ்சுகிறேன். இவர் துரோகி என்று கேட்டதும் என் மனம் துள்ளியது. தாங்கள் இவரிடம் பேசுவதில் பாதியாவது என்னிடம் பேச மாட்டீர்களா என்று ஏங்கிக் கிடக்கும் மனம் இது. என் விரலுக்கென்றே வார்த்த மோதிரம்போல் இந்தச் செய்தி பொருந்துகிறது, சுவாமி. என் விரலளவு தெரிந்தவள் வார்த்தது."

மழவராயன்தான் முதலில் வாய் திறந்தான்.

"தேவி, தாங்கள் வந்ததும் நாங்கள் ஏன் பேச்சை நிறுத்துகிறோம் தெரியுமா? இவர் பேசுவதே தங்களைப் பற்றித்தான். 'மலைமகள் இன்று சிரித்தாள். இன்று ஆற்றையே பார்த்துக்கொண்டு நின்றாள். ஊர் நினைவோ என்னவோ, கேட்டால் வருந்துவாளோ' என்று என் காதைத் துளைக்கிறார். ஆயிரம் வேல்களுக்கு எதிரே நிற்பவர், தங்களிடம் கேட்க அஞ்சுகிறார்."

வளவதரையர் தலைகுனிந்தார். ஏழிசைக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. இரண்டுக்கும் அப்போது பொழுதில்லை.

"என்னைக் கட்டினால் துறைவாயிலைக் காக்கும் என் குலத்து மழவ வீரர்கள் சினந்து வாளை உறையிலிட்டு ஒதுங்குவார்கள்" என்று தொடர்ந்தான் மழவராயன். "துறைவாயில் காவலற்றுப் போகும். அவர்களுக்கு வேண்டியது அதுதான். எதிர்த் திட்டில் இன்று நாரைகள் அடையவில்லை, நாணலுக்குள் ஆளிருக்கிறது." பிறகு இரு கைகளையும் நீட்டினான். "கட்டு, கூத்தா. ஊரறியக் கட்டு."

கட்டினார்கள். தலைவனைக் கயிற்றில் கண்ட மழவ வீரர்கள், முன்பே காதோடு சொல்லப்பட்டபடி, ஆர்ப்பரித்து, வாயிலைத் திறந்தபடியே போட்டுவிட்டுத் துறையைவிட்டு விலகினார்கள். விலகி மதிலின் நிழலில் பதுங்கினார்கள்.

நிலாமுற்றத்திலிருந்து இதைப் பார்த்துக்கொண்டிருந்த மலையாட்டி, திரும்பி வந்த ஏழிசையைத் தழுவிக்கொண்டாள்.

"உன் சொல் எங்களைக் காத்தது" என்றாள் ஏழிசை. அந்தத் தழுவலில் பழைய கதகதப்பு அப்படியே இருந்தது. உண்மையைச் சொல்லிவிட அவள் நா துடித்தது, பல்லைக் கடித்துக்கொண்டாள்.

கீழ்வானில் நிலவு எழுந்தது. மலையாட்டி விளக்கை எடுத்து ஆற்றை நோக்கி உயர்த்திக் காட்டினாள். நாணல் அசைந்தது. கரிய மீன்கூட்டம்போல் ஓடங்கள் திட்டைவிட்டு வெளிவந்து, திறந்து கிடந்த துறைவாயிலுக்குள் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு புகுந்தன. கடைசி ஓடமும் புகுந்ததும் வாயிலின் இரும்புக் கிராதிக் கதவு பேரிடியோடு இறங்கியது. மதிலெங்கும் பந்தங்கள் எரிந்தன, நாண்கள் இழுபட்டன. கட்டவிழ்த்த கைகளோடு மழவராயன் முன்னே நின்று முழங்கினான். சுவர்களுக்கிடையே நெருங்கிக் கிடந்த பகைவர்கள் வாள் வீசவும் இடமின்றிப் படைக்கலங்களைக் கீழே போட்டார்கள்.

மலையாட்டியின் கையிலிருந்த விளக்கு நழுவி விழுந்தது.

"என்னிடம் பொய் சொன்னாயே, ஏழிசை."

"நீயும்தானே சொன்னாய்."

"எனக்குக் காரணம் இருந்தது. பல்லக்கில் ஏறிப் போனாய். ஒரு சொல் அனுப்பினாயா? நான் இருக்கிறேனா, செத்தேனா என்று யாரிடமாவது கேட்டாயா? ஏங்குவதற்கு உனக்கு ஒரு கணவர் கிடைத்தார். எனக்கு யார் இருந்தார்கள்?"

ஏழிசை அவளை நோக்கி ஓரடி எடுத்து வைத்தாள். படிகளில் காலடிகள் நெருங்கின. மலையாட்டி மதில்விளிம்பில் தாவி ஏறி, திரும்பிப் பாராமல் காவிரியில் குதித்தாள்.

ஓடிவந்த மழவராயன் வில்லை வளைத்தான். நிலவொளியில் நீருக்கு மேல் ஒரு தலை தெரிந்தது. குறி தப்ப வழியில்லை. அவன் எய்யாமல் வளவதரையரைப் பார்த்தான். வளவதரையரோ மனைவியைப் பார்த்தார்.

"நீ சொல், தேவி."

"வில்லைத் தாழ்த்துங்கள்."

பிறகு அவள் துறைப்படிக்கு இறங்கிப்போய், ஓடும் நீரைக் கையில் அள்ளினாள்.

"இந்தக் காவிரி அறிய ஆணையிடுகிறேன். இந்தப் போர் எப்படி முடிந்தாலும் நான் மலைக்குப் போவேன். வாளேந்திப் போக மாட்டேன், துணைக்குப் படையும் வேண்டாம். அவள் கேட்டதற்கு அவள் முகத்தைப் பார்த்து விடை சொல்வேன்."

"அவள் தங்களைக் கொன்றுவிடுவாள்" என்றான் மழவராயன்.

"கொல்லலாம். அதற்குமுன் நான் சொல்வதைக் கேட்பாள்."

வளவதரையர் அவள் அருகே படியில் அமர்ந்தார். "மலைவழி எனக்குத் தெரியாது" என்றார் மெல்ல. "எப்படிப் போக வேண்டும், சொல்லு."

ஏழிசை கையிலிருந்த நீரை ஆற்றில் விட்டுவிட்டு அவர் பக்கம் திரும்பி, மலைவழியைச் சொல்லத் தொடங்கினாள்.